ஞாயிற்றுக்கிழமையில் ஜெனரல் ஷிஃப்ட்

எங்கள் குத்துச்சண்டை மன்றத்தின் ஆண்டு மலருக்கு ‘ஓய்வுபெற்ற நடுவரின் அனுபவம்’ என்று ஒரு கட்டுரை வேண்டும் என வீடு தேடி வந்து கேட்டார்கள் மன்றத்துப் பெண்கள் மூன்று பேர். எனக்கு முப்பத்து மூன்று வயதாகிறது. ஓய்வுபெற்றவர் என்ற சொல் காதில் விழுந்ததும் உள்ளறையில் துணி மடித்துக்கொண்டிருந்த என் கணவர் சிரித்துவிட்டார். நானும் சிரித்தேன்.

“நீங்க ஏங்க்கா விட்டீங்க? பாப்பா பொறந்ததாலயா?” என்று அவர்களில் ஒருத்தி கேட்டாள்.

நான்கு வருடமாக இந்தக் கேள்விக்கு ஆமாம் என்றுதான் தலையாட்டி வந்திருக்கிறேன். பிள்ளை பெற்றவள் வீட்டில் உட்கார்ந்துவிட்டாள் என்றால் யாரும் அடுத்த கேள்வி கேட்பதில்லை. அன்று தலையாட்ட முடியவில்லை. அதற்கு முந்தின நாள்தான் என் மகள் யாழினி தோசைத் தட்டைத் தள்ளிவிட்டு, கையை நீட்டி, கட்டைவிரலைக் கீழே காட்டி, “இவன் சாகட்டும்” என்றாள். அவளுக்கு ஐந்து வயது. எங்கே கற்றாய் என்றேன். வேனில் எல்லா அண்ணன்களும் செய்கிறார்களாம். பள்ளி ஆண்டு விழா நடனத்திலும் அது வருகிறதாம். அட்டையில் கவசம், அட்டையில் வாள். கடைசியில் ஒரு குழந்தை விழ வேண்டும், மற்றவர்கள் விரலைக் கீழே காட்ட வேண்டும், அப்போது முரசு.

எல்லாரும் கைப்பேசியில் பார்க்கும் ரோமாபுரி வாள்சண்டைத் தொடர் ஒன்றிலிருந்து வந்தது என்று விசாரித்ததில் தெரிந்தது. குழந்தைகள் விளையாட்டுக்குப் போய் இவ்வளவு கலங்குகிறேனே என்று இரண்டு நாள் என்னையே திட்டிக்கொண்டேன். மூன்றாம் நாள் எழுத உட்கார்ந்தேன். மலரில் போடுவதும் போடாததும் மன்றத்தின் விருப்பம்.

நான் இந்த நகரியத்தில் பிறந்தவள். அப்பா நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை பார்த்தார். பள்ளியில் படிக்கும்போது குத்துச்சண்டை ஆடினேன். மாவட்ட அளவுக்கு மேல் போகவில்லை. என்னைவிட நன்றாக ஆடியவர்கள் நிறையப் பேர். கல்லூரி முடித்ததும் நடுவர் பயிற்சிக்குப் போனேன், தேர்வு எழுதினேன், வெள்ளைச் சட்டையும் கறுப்பு வில் டையும் கிடைத்தன. பயிற்சிக் காலத்தைப் பற்றிச் சொல்ல இவ்வளவுதான்.

சொல்ல வேண்டியது ஞானசேகர் சாரைப் பற்றி. எங்கள் தலைமை நடுவர் அவர். இனிமையான மனிதர் இல்லை. நாங்கள் வணக்கம் சொன்னால் பதில் சொல்ல மாட்டார். எங்கள் ஷூவைப் பார்ப்பார். வெள்ளை ஷூவில் ஒரு புள்ளி மண் இருந்தாலும் அன்று மேடையேற விட மாட்டார். கண்ணாடி முன்னால் நிறுத்தி “ஸ்டாப்” என்று சொல்லச் சொல்வார். கத்தினால் தப்பு, கெஞ்சினாலும் தப்பு. கதவைச் சாத்துவது போல இருக்க வேண்டும் என்பார். ஒருமுறை நான் சொன்ன “ஸ்டாப்” பஸ்ஸை நிறுத்துவது போல இருக்கிறது என்று எல்லார் முன்னாலும் சொன்னார். ஒரு வாரம் பொடிப்பெண்கள் எல்லாம் என்னைக் கண்டக்டர் என்றே கூப்பிட்டார்கள்.

நடுவர் பார்க்க வேண்டியது ஆடுபவரின் கண். கை எங்கே போகிறது என்பதைக் கூட்டம் பார்த்துக்கொள்ளும். அடி விழுந்த பிறகு அந்தக் கண் உங்களிடம் திரும்பி வருகிறதா, வர எவ்வளவு நேரம் எடுக்கிறது, வந்து நிற்கிறதா, நழுவுகிறதா என்பது உங்களுக்கு மட்டும்தான் தெரியும். சந்தேகம் வந்தால் அவருக்கு நன்றாகத் தெரிந்த எதையாவது கேட்க வேண்டும். நடுவர் நிறுத்திவிட்டால் நிறுத்தியதுதான். அந்தச் சண்டையை யாரும் மறுபடி தொடங்க முடியாது. “உள்ள நிக்கறப்ப நீ செவிடு. கூட்டம்னு ஒண்ணு இல்லவே இல்ல” என்பார் சார்.

வேறெங்கும் நான் பார்க்காத வழக்கம் ஒன்று எங்கள் மன்றத்தில் உண்டு. கையுறை மாட்டும் முன் ஒவ்வொருவரிடமும் சார், “என்ன ஷிஃப்ட்?” என்று கேட்பார். எங்களிடம் ஆடியவர்களில் பாதிப் பேர் சுரங்கத்தில் வேலை செய்பவர்கள். பஸ்ட் ஷிஃப்ட், செகண்ட் ஷிஃப்ட், நைட் ஷிஃப்ட் என்று தூக்கம் வாரத்துக்கு வாரம் இடம் மாறும். நைட் முடித்து வந்தவருக்கு அன்று கையுறை கிடையாது. தூங்காதவன் அடியைப் பார்ப்பதற்குள் அடி வந்துவிடும் என்பது அவர் கணக்கு. கெஞ்சிப் பயனில்லை. “போய்ப் படு” என்று சொல்லிவிட்டு அடுத்தவரிடம் நகர்ந்துவிடுவார். இந்த ஒரு கேள்விக்காகவே அவர் மேல் எனக்கு இருந்த மரியாதை பெரிது. அதனால்தான் கோபமும் பெரிதாக இருக்கிறது.

நான்கு வருடங்களுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை. யாழினி அப்போது ஒரு வயதுக் குழந்தை. மேல்பட்டாம்பாக்கம் தாண்டி, கரும்புக் காட்டுக்கு நடுவில் ஒரு பண்ணைவீடு. ஒரு பணக்காரரின் மகனுக்குப் பிறந்தநாள். சென்னையிலிருந்தும் புதுச்சேரியிலிருந்தும் விருந்தினர்கள். காட்சிப் போட்டி, நாம் நடுவர்கள், அம்பது பேர்தான் பார்ப்பார்கள் என்று சார் சொல்லி அழைத்துப்போனார். பால் குடிக்கும் பிள்ளையை அம்மாவிடம் விட்டுவிட்டுப் போகலாமா என்று காரில் ஏறும்வரை யோசித்தேன். சார் கூப்பிட்டு மறுத்ததில்லை என்பதால் ஏறினேன்.

போய்ப் பார்த்தால் மேடை இல்லை. தரையில் மணல் கொட்டி, சுற்றிக் கம்பி வேலி போட்டிருந்தார்கள். ஒரு பக்கம் தெர்மோகோலில் தூண்கள். அதற்குப் பின்னால் உயர்த்திப் போட்ட மாடத்தில் சோபாக்கள். பரிமாறுகிறவர்கள் வெள்ளைப் போர்வையைத் தோளில் சுற்றிக்கொண்டு திராட்சைத் தட்டோடு திரிந்தார்கள். ‘ரோமாபுரி இரவு’ என்று பலகை. ஒவ்வொரு விருந்தினர் கையிலும் ஒரு கெட்டி அட்டை கொடுத்திருந்தார்கள். ஒரு பக்கம் மேலே பார்க்கும் கட்டைவிரல், திருப்பினால் கீழே பார்க்கும் கட்டைவிரல்.

நிகழ்ச்சியை நடத்திய இளைஞரிடம் இது என்ன என்று கேட்டேன். “நடிப்புதான் மேடம். முதல்ல கத்தி டான்ஸ், அப்புறம் கொஞ்சம் கைச்சண்டை. ஆனா அடி மட்டும் நெஜமா இருக்கணும்னு பர்த்டே பாய் ஆசைப்படறாரு” என்றார். இந்த இரண்டு வாக்கியங்களுக்கும் நடுவில் அவருக்கு எந்த உறுத்தலும் இல்லை.

டாக்டர் எங்கே என்றேன். ஆம்புலன்ஸ் நிற்கிறது என்றார். ஆம்புலன்ஸில் ஓட்டுநர் மட்டும் இருந்தார்.

ஆட வந்தவர்கள் கொட்டகைக்குப் பின்னால் தோல் பாவாடை கட்டிக்கொண்டு நின்றார்கள். அதில் ஒருவன் எங்கள் மன்றத்துச் சரவணன். கம்மாபுரம் பக்கம் ஊர். நிலம் சுரங்கத்துக்குப் போன குடும்பம். நிலக்கரி ஏறி வரும் கன்வேயர் பெல்ட்டில் ஒரு காண்ட்ராக்டரிடம் வேலை பார்த்தான். என்னைக் கண்டதும் பாவாடையைக் கையால் மறைத்தான். “சிரிக்காதீங்கக்கா. எங்க ஆயா பாத்தா வெளக்குமாத்த எடுக்கும்” என்றான்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. வழக்கப்படி கேட்டேன்.

“என்ன ஷிஃப்ட்டு?”

“ஜெனரல்க்கா” என்றான் சட்டென்று.

வெளியூர்க்காரர்கள் யாரும் இதில் தவறு கண்டுபிடித்திருக்க மாட்டார்கள். ஜெனரல் ஷிஃப்ட் என்பது காலையில் போய் மாலையில் வீடு திரும்பும் வேலை. அலுவலகத்தார் பார்ப்பது. ஞாயிற்றுக்கிழமை அதற்கு விடுமுறை. அன்று ஞாயிற்றுக்கிழமை. பெல்ட்டில் காண்ட்ராக்ட் வேலை பார்ப்பவனுக்கு எந்த நாளிலும் ஜெனரல் ஷிஃப்ட் கிடையாது.

கண்ணைப் பார்த்தேன். ஓரமெல்லாம் சிவந்திருந்தது. மறுபடி கேட்டதும் ஒப்புக்கொண்டான். முந்தின இரவு நைட். காலையில் ஆள் வராததால் அப்படியே பஸ்ட் ஷிஃப்ட்டும் பார்த்துவிட்டு, குளித்து, நேராக இங்கே வந்திருக்கிறான். “சார் கிட்ட சொல்லாதீங்கக்கா. இங்க வந்துக்கினு இருக்கறவங்க எல்லாம் பெரிய பெரிய ஆளுங்க. ஒரு வார்த்த சொன்னாங்கன்னா பர்மனென்ட் ஆயிடும்னு அந்த ஷோக்காரரு சொல்லிக்கினு இருந்தாருக்கா” என்றான்.

நான் நேராகச் சாரிடம் போய்ச் சொன்னேன். வழக்கம்போல “போய்ப் படு” என்பார், அதோடு முடிந்துவிடும் என்று நம்பினேன். அவர் தன் ஷூவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, வந்துவிட்டோம், விடு என்றார். மன்றத்துக்குப் புது மேடையும் கூரையும் போட்டுத் தருவதாக அந்தப் பணக்காரர் சொல்லியிருந்தாராம். எங்கள் கூரை ஒழுகியது உண்மைதான். மேடைத் துணி கிழிந்து நாங்களே தைத்துத் தைத்து ஆடியதும் உண்மைதான். அதை நான் மறைக்கவில்லை.

நான் நடுவராக நிற்க மாட்டேன் என்றேன். அப்படியானால் சினிமாவில் ஸ்டண்ட் வேலை பார்த்த ஒருவர் இருக்கிறார், அவரை நிறுத்திக்கொள்வோம் என்றார் ஷோக்காரர். அந்த மனிதர் கழுத்தில் விசிலோடு தயாராக நின்றார். சரவணனின் கண்ணைப் பார்க்க அங்கே வேறு யாரும் இல்லை. நான் வேலிக்குள் போனேன். போயிருக்கக் கூடாது என்று இப்போதும் ஒரு நாள் தோன்றுகிறது. போனதே நல்லது என்று மறுநாள் தோன்றுகிறது.

கத்தி நடனம் முடிந்து கைச்சண்டை தொடங்கியது. எதிரே நின்றவன் சென்னையில் உடற்பயிற்சிக் கூடம் ஒன்றில் வேலை பார்ப்பவன். சரவணனைவிட எடை அதிகம். இருவர் தலையிலும் பித்தளை வண்ணம் அடித்த கனமான தலைக்கவசம். கண் இருக்கும் இடத்தில் சல்லடை. என் வேலையே கண்ணைப் பார்ப்பது. கண்ணை மூடி வைத்துவிட்டு என்னை நடுவர் என்று நிறுத்தியிருக்கிறார்கள்.

அடி பெரிதாக ஒன்றும் இல்லை. கவசத்தின் பக்கவாட்டில் ஒரு குத்து. சரவணன் மணலில் முழங்கால் மடித்து உட்கார்ந்தான், எழுந்தான், எழுந்தவன் வேலியைப் பார்த்துத் திரும்பி நின்றான். மேலே சோபாக்களில் கைதட்டல். நான் அவன் கவசத்தைக் கழற்றினேன். “போட்டோ கெட்டுப்போகுது, போட்டோ கெட்டுப்போகுது” என்று ஒரு பெண்மணி மேலிருந்து சொன்னார்.

“சரவணா, என்னைப் பாரு. எங்க இருக்க?”

கண் வந்தது. நிற்கவில்லை.

“பெல்ட்டு நின்னுட்ச்சாக்கா?” என்றான். “சத்தமே காணோமே. சூப்பர்வைசர் திட்டுவாரு.”

நான் ஸ்டாப் என்றேன். இரண்டு கைகளையும் குறுக்கே வீசிக் காட்டிவிட்டு அவனை அணைத்துப் பிடித்துக்கொண்டேன். எதிரே நின்றவன் உடனே கையை இறக்கிவிட்டான். ஓடிவந்து மறுபக்கம் தோள் கொடுத்தவனும் அவன்தான். மேலே அட்டைகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. எல்லாம் கீழே பார்க்கும் விரல். சிரித்துக்கொண்டே காட்டினார்கள். அவர்கள் கெட்ட எண்ணத்தோடு காட்டவில்லை என்று எனக்குத் தெரியும். அட்டை கொடுத்தார்கள், அந்தக் கட்டத்தில் திருப்புவதுதான் விளையாட்டு என்று சொல்லி வைத்திருந்தார்கள், திருப்பினார்கள். அதைத்தான் என்னால் இன்றுவரை பொறுக்க முடியவில்லை.

வேலியருகே சார் வந்தார். “இன்னும் ஒரு நிமிஷம்தாம்மா. நிக்க வெச்சாப் போதும். மேல எல்லாரும் கேக்கறாங்க பாரு” என்றார்.

கூட்டம் என்று ஒன்று இல்லவே இல்லை என்று எனக்குச் சொன்னவர்.

“ஸ்டாப்னா ஸ்டாப்தான் சார்” என்றேன். கத்தவும் இல்லை, கெஞ்சவும் இல்லை. அவருக்கு அது கேட்டது. முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

ஆம்புலன்ஸ் ஓட்டுநர் பந்திக்குப் பின்னால் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். பாவம், எழுந்து கை கழுவாமலே ஓடிவந்தார். வழியில் சரவணன் இரண்டு முறை வாந்தி எடுத்தான். மூளைக்கு வெளியே ரத்தம் கசிந்திருக்கிறது, இன்னும் தாமதித்திருந்தால் சொல்ல முடியாது என்றார் மருத்துவர். தலையைத் திறந்து அறுவை செய்தார்கள். பிழைத்தான். இடது கை மெதுவாகிவிட்டது. பேச்சு சில சொற்களில் நின்று நின்று வருகிறது. பெல்ட் வேலைக்கு அதன் பிறகு அவனை எடுக்கவில்லை. குளியலறையில் வழுக்கி விழுந்தான் என்று கேட்டவர்களிடமெல்லாம் பண்ணைவீட்டிலிருந்து சொல்லிவிட்டார்கள். குத்துச்சண்டைச் சங்கத்தில் போய்ச் சொன்னேன். தனியார் விழா எங்கள் வரம்பில் வராது என்றார்கள். நான் வில் டையைக் கழற்றிச் சாரின் மேசையில் வைத்துவிட்டு வந்தேன். புது மேடையும் வரவில்லை.

அந்த இரவின் காணொளித் துண்டு ஒன்று கொஞ்ச நாள் எல்லார் கைப்பேசியிலும் சுற்றியது. மெதுவோட்டத்தில் குத்து, மணல் தெறிப்பு, முரசு, திரும்பும் அட்டைகள். அதோடு வெட்டிவிட்டார்கள். கவசத்தைக் கழற்றியது இல்லை. பெல்ட் நின்றுவிட்டதா என்று கேட்டது இல்லை.

இப்போது இந்தத் தொடர். பார்க்காமல் திட்டுவது நியாயமில்லை என்று, யாழினி மதியம் தூங்கும் நேரத்தில் முழுவதையும் பார்த்தேன். கதாநாயகன் ஒவ்வொரு பகுதியிலும் தலையில் அடி வாங்குகிறான். தலையை உலுக்குகிறான், எழுகிறான், நீளமாக வசனம் பேசுகிறான். தலையில் அப்படி அடி வாங்கியவருக்குத் தன் ஊர்ப் பெயரே வாயில் வராது. மாடத்தில் உட்கார்ந்து திராட்சை தின்னும் பணக்காரர்கள் கொடியவர்கள் என்று கதை சொல்கிறது. ஆனால் கேமரா எங்கே உட்கார்ந்திருக்கிறது? அதே மாடத்தில். நாமும் முறுக்குக் கிண்ணத்தோடு அங்கேதான் உட்கார்ந்திருக்கிறோம். அவர்களைத் திட்டிக்கொண்டே அடுத்த அடிக்குக் காத்திருக்கிறோம்.

பிறகு கொஞ்சம் படித்துப் பார்த்தேன். பழைய ரோமில் விரலை எப்படித் திருப்பினார்கள் என்பது யாருக்கும் உறுதியாகத் தெரியாதாம். ஆனால் வேறொன்று தெரிகிறது. அந்தச் சண்டைகளில் கையில் கோலோடு ஒரு நடுவர் நின்றிருக்கிறார். நடுவில் புகுந்து நிறுத்தியிருக்கிறார். ஆடுபவர்களுக்கென்று வைத்தியர் இருந்திருக்கிறார். அடிமைகளை வைத்து விளையாடிய காலம் அது. அதைப் புகழ ஒன்றுமில்லை. ஆனாலும் அங்கே இருந்த வைத்தியர் அந்தப் பண்ணைவீட்டில் இல்லை. அங்கே இருந்த நடுவர் இந்தத் தொடரில் ஒரு காட்சியில்கூட இல்லை. விரலை மட்டும் எடுத்துக்கொண்டார்கள், நிறுத்துகிறவரை விட்டுவிட்டார்கள்.

பள்ளிக்குப் போய் ஆசிரியையிடம் சொன்னேன். நல்ல பெண். “நடிப்புதானே மேம்” என்றார். அந்தச் சொல்லை முன்பே ஒருமுறை கேட்டிருக்கிறேன் என்று சொல்லி, எங்கே கேட்டேன் என்பதையும் சொன்னேன். கடைசிக் காட்சியை மாற்றுகிறேன் என்றார். மாற்றுவாரா, அல்லது என்னைப் பற்றி ஆசிரியர் அறையில் சிரிப்பார்களா என்று வீடு வரும் வழியெல்லாம் யோசித்தேன்.

இதை எழுதலாமா என்று சரவணனிடம் கேட்காமல் எழுதக் கூடாது என்று போன ஞாயிற்றுக்கிழமை யாழினியையும் கூட்டிக்கொண்டு கம்மாபுரம் போனேன். வீட்டு வாசலில் ஒரு பெட்டிக்கடை வைத்திருக்கிறான். என்னைப் பார்த்ததும் நாற்காலி போட்டான். இந்த நான்கு வருடத்தில் நான் இரண்டு முறைதான் போயிருக்கிறேன். இரண்டு முறையும் அவன் அதிகம் பேசவில்லை. யாழினி கடை மிட்டாயைப் பார்த்துக்கொண்டு சும்மா விரலைத் திருப்பித் திருப்பி விளையாடினாள். சரவணன் அவள் கையைப் பிடித்து, மெதுவான தன் இடது கையாலேயே, அவள் விரல்களை மடக்கி முஷ்டியாக்கி, கட்டைவிரலை அவற்றின் மேல் வைத்தான். “கட்டவெரலு இங்கதான் இருக்கணும் பாப்பா. நீட்டுனா ஒடஞ்சிடும்” என்றான்.

பிறகு நான் வந்த காரியத்தைச் சொன்னேன். எழுதுங்க என்றான். பேரையும் போடச் சொன்னான்.

“என் மேல கோவமா சரவணா?”

“இருந்திச்சிக்கா. நிறுத்தாம இருந்தா பர்மனென்ட் ஆயிருப்பேன்னு ரொம்ப நாளு நெனச்சிக்கினு இருந்தேன்” என்றான். சொற்கள் நின்று நின்று வந்தன. வீட்டுக்குள்ளிருந்து அவன் மனைவி, அப்படியே ஆக்கியிருப்பாங்க, போட்டோ எடுக்கக் கூப்பிட்டவங்க, என்றாள். அவன் சிரித்தான்.

கிளம்பும்போது கூப்பிட்டான்.

“ஒண்ணு மட்டும் மாத்தி எழுதுங்கக்கா. நான் ஜெனரல்னு பொய் சொன்னேன்னு போடாதீங்க.”

“பின்ன எப்படிப் போடறது?”

“அது பொய் இல்லக்கா. நீங்க கேட்டப்ப வாயில அதான் வந்திச்சி. ஞாயித்துக்கெழம வூட்ல இருக்கற வேல. ஆசைக்கா அது.”

அவன் சொன்னபடியே போட்டுவிட்டேன்.

மன்றத்துப் பெண்களே, நீங்கள் கேட்டதற்கு என் பதில் இதுதான். கையுறை மாட்டும் முன் அந்தக் கேள்வியைக் கேளுங்கள். யார் தடுத்தாலும் கேளுங்கள். ஞாயிற்றுக்கிழமையில் ஒருவன் ஜெனரல் ஷிஃப்ட் என்று சொன்னால் அவனிடம் கோபித்துக்கொள்ளாதீர்கள். கையுறையை மட்டும் கொடுக்காதீர்கள்.